ஒரு டன் சூரை கையில் இருந்தால்: மாசியா, ஐஸா, டின்னா?

மாலத்தீவில் ஒரு சின்னத் தீவு. ஒரு குடும்பத்துக்குச் சொந்தமாக மீன்பிடித் தோணி இருக்கிறது, வீட்டுக்குப் பின்னால் மீன் அவிக்க அடுப்பும் புகை போட ஒரு கொட்டகையும் இருக்கின்றன. சூரை (டூனா) நன்றாகப் படுகிற மாதங்களில் டன் கணக்கில் கரைக்கு வருகிறது. அதை அப்படியே உறைபதனக் கம்பெனிக்குத் தள்ளிவிடுவதா, மாசியாக்கி, அதாவது அவித்துப் புகை போட்டுக் கட்டையாகக் காய வைத்து, கொழும்புக்கு அனுப்புவதா, இல்லை டின் மீன் பக்கம் ஏதாவது முயற்சி செய்வதா? தெரிந்த குடும்பம் ஒன்று இதைக் கேட்டது. "பேங்காக்கில் விலை ஏறுது என்கிறார்கள், கொழும்பில் மாசி விலை இறங்குது என்கிறார்கள், எதைப் பார்த்து முடிவு செய்ய?" என்று. பதில் ஒரு வரியில் அடங்காது, அதனால் மொத்தமாக எழுதிவிடுகிறேன். மாசி வாங்கி விற்கிற நம் ஆட்களுக்கும், தூத்துக்குடியிலோ கொழும்பு புறக்கோட்டையிலோ கடை வைத்திருப்பவர்களுக்கும் இதில் விஷயம் உண்டு.

முதலில் ஒரு கணக்கை மனதில் ஏற்றிக்கொள்ளுங்கள். ஐந்து கிலோ பச்சைச் சூரைக்கு ஏறக்குறைய ஒரு கிலோ மாசி. தலை, குடல், முள் போக, மீனை நீளவாக்கில் நாலாகப் பிளந்து, உப்புத் தண்ணீரில் அவித்து, புகை போட்டு, வெயிலில் காய வைத்து, கட்டையாக இறுகும்போது ஐந்தில் நாலு பங்கு எடை காணாமல் போயிருக்கும். விலையைப் பற்றிப் பேசுகிறவர்கள் பாதிப்பேர் இதை மறந்துவிட்டு, "பச்சை மீன் கிலோ இருபது ரூபியா, மாசி கிலோ நூறு ரூபியா, ஐந்து மடங்கு லாபம்" என்று கண்ணை விரிக்கிறார்கள் (ரூபியா என்பது மாலத்தீவுப் பணம்). ஐந்து மடங்கு கிடைத்தால் லாபம் பூஜ்யம். விறகும் உப்பும் கூலியும் கைக்காசு.

இதிலிருந்து வருகிற அடுத்த விஷயம்தான் முக்கியம். கரையில் பச்சை மீன் விலை ஒரு ரூபியா ஏறினால் மாசியின் அடக்கவிலை ஐந்து ரூபியா ஏறிவிடும். பச்சை மீன் 15 ரூபியா என்றால் ஒரு கிலோ மாசியில் மீனுக்கு மட்டும் 75, 20 என்றால் 100, 25 என்றால் 125. ஆகவே மாசி போடுவதா வேண்டாமா என்பதைக் கொழும்பு விலை மட்டும் முடிவு செய்வதில்லை. பக்கத்துத் தீவில் இருக்கிற உறைபதனக் கிடங்கு இன்றைக்கு என்ன விலை கொடுக்கிறது என்பதும் சேர்ந்துதான் முடிவு செய்கிறது. அந்தக் கிடங்கின் விலையோ பேங்காக்கில் இருந்து வருகிறது.

சரி, பேங்காக் என்ன சொல்கிறது? உலகத்திலேயே அதிகமாக டின் சூரை ஏற்றுமதி செய்கிற நாடு தாய்லாந்து என்பதால், அங்கே தொழிற்சாலைகள் உறைந்த சூரைக்குக் கொடுக்கிற விலைதான் எல்லோருக்கும் அளவுகோல். மாலத்தீவின் உறைந்த சூரையும் அதிகமாக அங்கேதான் போகிறது. அந்த விலை ஆடுகிற ஆட்டம் சாதாரணமல்ல. 2017 கடைசியில் டன் 2,000 டாலரைத் தாண்டிப் போனது. 2019 கடைசியில் ஆயிரம் டாலர் அளவுக்கு விழுந்தது. 2023 நடுவில் மறுபடி 2,000 பக்கம் ஏறி, 2024 தொடக்கத்தில் 1,300, 1,400 என்று இறங்கிவிட்டது. ரூபியா டாலரோடு 15.42 என்று கட்டப்பட்டிருப்பதால் கணக்குப் போடுவது சுலபம்: 2,000 டாலர் என்றால் கிலோ 30.8 ரூபியா, 1,400 என்றால் 21.6, ஆயிரம் என்றால் 15.4. இது பேங்காக் துறைமுகத்தில். அதில் உறைய வைக்கும் மின்சாரம், கிடங்கு, கன்டெய்னர், கப்பல், வழியில் ஏற்படுகிற கழிவு எல்லாவற்றையும் கழித்த மிச்சம்தான் தோணிக்காரனுக்கு நியாயமாகக் கிடைக்க வேண்டிய விலை.

"நியாயமாக" என்று சொன்னதற்குக் காரணம் இருக்கிறது. அரசுக் கம்பெனி சூரைக்குக் கொடுக்கிற விலை அங்கே தேர்தல் மேடையில் பேசப்படும் விஷயம், நம்மூரில் நெல்லுக்கும் கரும்புக்கும் பேசுகிற மாதிரி. பேங்காக்கில் விலை விழும்போது கரையில் விலையைப் பிடித்து வைத்தால் மீனவனுக்குச் சந்தோஷம்தான், ஆனால் அந்த வித்தியாசத்தை யாராவது சுமக்க வேண்டும், சுமக்க முடியாதபோது அது தாமதமான பணமாகத்தான் வெளியே வரும். அப்புறம் இன்னொன்று. மீன் ஏராளமாகப் படுகிற நாட்களில் கிடங்கு நிறைந்துவிடும், தோணிகள் மீனோடு வரிசையில் காத்துக் கிடக்கும். ஐஸ் கரையும், மீன் தரம் இறங்கும், அடுத்த பயணம் போகிற நாள் வீணாகும். பலகையில் எழுதிப் போட்டிருக்கிற விலை ஒன்று, அந்த நாளில் உங்கள் கைக்கு வருகிற விலை வேறொன்று.

ஆனாலும் உறைபதனத்துக்குக் கொடுப்பதில் ஒரு பெரிய சௌகரியம் உண்டு: மீனை எடை போட்டுக் கொடுத்ததோடு உங்கள் வேலை முடிந்தது. தோணியில் வந்த ஆட்களுக்குப் பங்கு பிரிப்பதற்கு ஒரு விலை இருக்கிறது, சீட்டு இருக்கிறது. மாசி போட்டால் இந்தப் பங்கு பிரிப்பதே தலைவலி. மாசி விற்றுப் பணம் வர இரண்டு மாதம் ஆகலாம், தோணி ஆட்கள் அதுவரை காத்திருக்க மாட்டார்கள், காத்திருக்கச் சொல்வதும் நியாயமில்லை. அவர்கள் பங்கை இன்றைய பச்சை மீன் விலையில் ரொக்கமாகக் கொடுத்துவிட்டுத்தான் மீனை அடுப்புக்குக் கொண்டுபோக வேண்டும். ஒரு டன்னுக்குக் கிலோ இருபது என்றால் இருபதாயிரம் ரூபியா மீனிலேயே முடங்கிவிடும். பத்து டன் போட்டால் இரண்டு லட்சம். அந்தப் பணம் உங்களிடம் சும்மா இருக்கிறதா, கடன் வாங்க வேண்டுமா என்பதை முதலில் பாருங்கள். கடன் என்றால் அந்த வட்டியையும் மாசி மேலேதான் ஏற்ற வேண்டும்.

இனி மாசி. எனக்குப் பிடித்த சரக்கு என்பதை முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன், அதனால் கொஞ்சம் அதிகம் பேசுவேன்.

இப்னு பதூதா 1340களில் மாலத்தீவில் காஜியாக இருந்தபோதே, அங்கே மீனை அவித்துப் புகை போட்டு இந்தியாவுக்கும் சீனாவுக்கும் ஏமனுக்கும் அனுப்புகிறார்கள் என்று எழுதி வைத்திருக்கிறார். குளிர்பெட்டி இல்லாத காலத்தில் மாதக்கணக்கில் கெடாத ஒரு புரதச் சரக்கு, அதுவும் கப்பலில் அடுக்கினால் அதிக இடம் பிடிக்காது. இலங்கையில் தேங்காய்ச் சம்பலுக்கும் சீனிச் சம்பலுக்கும் அது இல்லாமல் ருசி ஏறாது. காயல்பட்டினம், கீழக்கரை பக்கத்து வீடுகளிலும் மாசி நிரந்தர விருந்தாளி. அந்தந்த ஊர்க் கருவாட்டுக்கும் மாசிக்கும் வித்தியாசம் வாங்குகிறவர்களுக்குத் தெரியும்: நல்ல மாசியை ஒன்றோடொன்று தட்டினால் மரக்கட்டை மாதிரி 'டக்' என்று கேட்கும், உடைத்தால் உள்ளே நடுவரை ஒரே மாதிரி கருஞ்சிவப்பாக இருக்கும். நடுவில் வெளிறி, நகத்தால் அழுத்தினால் கொஞ்சம் அமுங்கினால் அது முழுதாகக் காயவில்லை, எடைக்காக அவசரத்தில் மூட்டை கட்டியது. இரண்டு வாரத்தில் பூசணம் பிடிக்கும். மேலே வெள்ளையாகப் படிந்திருப்பது உப்பா பூசணமா என்பதை விரலால் துடைத்து முகர்ந்து பார்த்துத்தான் புறக்கோட்டையில் விலை பேசுவார்கள்.

ஈரத்தோடு விற்றால் எடை கூடும், அதனால் பணம் கூடும் என்கிற ஆசை எல்லாச் சின்ன வியாபாரிக்கும் வரும். வேண்டாம். ஒரு தடவை பூசணம் பிடித்த சரக்கைப் பிரித்த வியாபாரி அடுத்த தடவை உங்கள் தீவின் பெயரைக் கேட்டாலே விலையைக் குறைத்துத்தான் ஆரம்பிப்பார்.

இப்போது கணக்கு. ஒரு டன் சூரைக்கு 200 கிலோ மாசி என்று வைத்துக்கொள்வோம். பச்சை மீன் 20 ரூபியா என்றால் மீனுக்கு நூறு. விறகு, உப்பு, கூலி, மூட்டை, தீவிலிருந்து மாலேக்குப் படகு, அங்கிருந்து கொழும்புக்குக் கப்பல், முடங்கிய பணத்துக்கு வட்டி, கழிவு. இவற்றுக்கு ஒரு கிலோவுக்கு முப்பது ரூபியா என்று போடுகிறேன். இது என் மதிப்பீடு, தீவுக்குத் தீவு மாறும், விறகு வெளியிலிருந்து வாங்குகிற தீவில் இன்னும் கூடும். ஆக 130 ரூபியா, அதாவது 8.4 டாலர், கொழும்பு துறைமுகத்தில் கிடைத்தால் கையைக் கடிக்காது. அதற்கு மேலே கிடைப்பதுதான் நீங்கள் பட்ட பாட்டுக்குக் கூலி.

இந்த 8.4 டாலரை இலங்கை ரூபாயில் பார்த்தால்தான் கதை புரியும். 2022 மார்ச் தொடக்கத்தில் ஒரு டாலர் 200 ரூபாய். அப்போது அது 1,680 ரூபாய். இரண்டே மாதத்தில் டாலர் 360 ஆனது. அதே சரக்கு, அதே டாலர் விலை, 3,000 ரூபாயைத் தாண்டிவிட்டது, வரியும் கடைக்காரர் லாபமும் சேர்ப்பதற்கு முன்பே. சம்பளம் அப்படியே நிற்க, மாசி வாங்குகிறவர்கள் என்ன செய்வார்கள்? நூறு கிராம் வாங்கிய வீடு ஐம்பது கிராம் வாங்கும், இல்லையென்றால் நெத்தலிக்கோ உள்ளூர் மாசிக்கோ போய்விடும். தெற்கே மாத்தறை, தெவிநுவரப் பக்கம் இலங்கை மீனிலேயே மாசி போடுகிறார்கள், அது கொஞ்சம் மட்டமாக இருந்தாலும் டாலர் தேவையில்லை. அந்தச் சமயத்தில் ஒரு கொழும்பு முதலாளி சொன்னது இன்னும் ஞாபகம் இருக்கிறது: "தம்பி, சாமான் திறம்தான், விலையும் பரவாயில்லை, டொலருக்குத்தான் வழியில்லை. பேங்க் எல்.சி. திறக்காதாம்." எல்.சி. என்பது சரக்குக்குப் பணம் வரும் என்று வங்கி கொடுக்கிற உத்தரவாதக் கடிதம். விலை பிடித்திருக்கிறது, ஆள் வாங்கத் தயார், ஆனால் வியாபாரம் நடக்காது. விலை வரைபடத்தில் இந்த நிலைமை வராது. நடக்காத வியாபாரத்துக்கு ஏது விலை?

இது முதல் தடவையும் இல்லை. 1970களின் தொடக்கத்தில் இலங்கையில் அந்நியச் செலாவணித் தட்டுப்பாடு வந்தபோது மாசி இறக்குமதியை வெட்டினார்கள். அதுவரை மாலத்தீவின் ஏற்றுமதி என்றாலே மாசி, மாசி என்றாலே கொழும்பு. ஒரே வாங்குகிற ஆள் கதவைச் சாத்தியதும் ஒரு நாட்டின் வரவே ஆட்டம் கண்டது. அந்த இடத்தில்தான் 1972 முதல் ஜப்பான் கம்பெனிகளின் குளிர்பதனக் கப்பல்கள் வந்து நின்று மீனைப் பச்சையாக வாங்க ஆரம்பித்தன. 1974இலிருந்து தோணிகளுக்கு எஞ்சின் வந்தது, அந்தப் பத்தாண்டு முடிவதற்குள் பெலிவரு தீவில் டின் தொழிற்சாலையும் வந்தது. மாலத்தீவு மீன்வளம் நவீனமானதற்கு இதைத்தான் காரணமாகச் சொல்வார்கள், அது உண்மைதான். அதில் ஒருவர் கை மட்டும் வெறுமையானது. மீன் பிடிப்பது ஆண்கள் என்றால் அவித்துப் புகை போட்டு மாசியாக்கியது வீட்டுப் பெண்கள். மீன் கடலிலேயே கப்பலுக்குக் கைமாறியதும் அந்த வேலையும் அந்த வருமானமும் போய்விட்டன. உங்கள் குடும்பத்தில் இன்றைக்கு அடுப்படி வேலையை யார் செய்கிறார்கள், அதற்குக் கூலி கணக்கில் ஏறுகிறதா என்று பாருங்கள். நான் பார்த்த கணக்குகளில் பெரும்பாலும் ஏறுவதில்லை. அக்கா, அண்ணி, அம்மா செய்கிற வேலை இலவசம் என்று வைத்தால் எந்த மாசியும் லாபமாகத்தான் தெரியும்.

சரி, பிடிக்கும் என்று சொன்ன மாசியை இவ்வளவு திட்டிவிட்டேன். அதன் பலம் என்ன? காத்திருக்க முடியும். உறைந்த மீன் மின்சாரத்தில் காத்திருக்கிறது, நாளுக்கு நாள் செலவு. காய்ந்த மாசி ஈரமில்லாத அறையில் செலவில்லாமல் காத்திருக்கும். கிடங்கு நிறைந்து தோணிகள் வரிசையில் நிற்கிற வாரத்தில், மீனை வாங்க ஆளே இல்லாத வாரத்தில், அடுப்பு இருக்கிற வீடு தப்பித்துக்கொள்ளும். அந்த வாரத்தில் உங்கள் மீனின் உண்மையான விலை இருபது ரூபியா இல்லை, பத்தோ அதற்கும் கீழேயோதான், ஆகவே மாசியின் அடக்கமும் பாதியாகிவிடுகிறது. மாசியில் காசு பார்த்தவர்கள் பெரும்பாலும் இப்படி மீன் மலிந்த வாரங்களில் போட்டவர்கள்தான். சிக்கல் என்னவென்றால் அதே வாரத்தில் எல்லா அடுப்பும் எரியும். இரண்டு மாதம் கழித்து எல்லா மூட்டையும் ஒரே நேரத்தில் கொழும்பு போய் இறங்கும், விலை இறங்கும். அப்போது அவசரப்பட்டு விற்காமல் இன்னும் ஒன்றிரண்டு மாதம் வைத்திருக்கிற வசதி யாருக்கு இருக்கிறதோ அவருக்குத்தான் லாபம். அது பெரும்பாலும் மீன் பிடித்தவராக இருக்காது, மாலேயில் கிட்டங்கி வைத்திருக்கிற வியாபாரியாக இருக்கும்.

வெயிலும் ஒரு விஷயம். டிசம்பர் முதல் ஏப்ரல் வரை வடகிழக்குப் பருவக்காற்றுக் காலம், வானம் தெளிவு, மாசி சீக்கிரம் காயும். மே முதல் தென்மேற்குப் பருவக்காற்று, மழை, ஈரக்காற்று. மழைக்காலத்தில் புகைக் கொட்டகையில் அதிக நேரம் வைக்க வேண்டும், விறகு கூடும், நிறம் கறுக்கும். முப்பது ரூபியா என்று நான் போட்ட செலவு வெயில் காலத்துக்கானது.

இங்கே ஒரு எச்சரிக்கை, புள்ளிவிவரம் பார்த்து முடிவெடுக்கிறவர்களுக்கு. இணையத்தில் 'மாலத்தீவு, உலர்ந்த மீன் ஏற்றுமதி, டன்னுக்கு இத்தனை டாலர்' என்று கோடு போட்டுக் காட்டுகிற அறிக்கைகள் கிடைக்கும். அந்தக் கோடு சந்தை விலை கிடையாது. சுங்கத்தில் பதிவான மொத்த மதிப்பை மொத்த எடையால் வகுத்து வருகிற சராசரி. சுங்கக் குறியீட்டில் 0305 என்கிற ஒரே தலைப்பின் கீழேதான் மாசியும் வருகிறது, உப்புப் போட்டுக் காய வைத்த பாறை மீன் கருவாடும் வருகிறது, ஒரு காலத்தில் சுறாத் துடுப்பும் வந்தது. துடுப்பு கிலோவுக்கு எங்கேயோ நிற்கும், கருவாடு எங்கேயோ கிடக்கும். 2010இல் மாலத்தீவு சுறாப் பிடிப்பை முழுக்கத் தடை செய்தது. அதற்கு முந்திய ஆண்டுகளின் சராசரியையும் பிந்திய ஆண்டுகளின் சராசரியையும் பக்கத்தில் வைத்து 'உலர் மீன் விலை மாறிவிட்டது' என்று சொன்னால், மாசி விலை ஒரு காசு மாறாமலே கூட அப்படிச் சொல்லலாம். சின்ன நாட்டுப் புள்ளிவிவரத்தில் இது எப்போதும் உள்ள சிக்கல்: நாலைந்து கன்டெய்னர் இந்த வருடம் போகாமல் அடுத்த வருடம் போனாலே வரைபடத்தில் ஒரு பள்ளமும் ஒரு மலையும் வந்துவிடும். மாலத்தீவு 'அனுப்பினேன்' என்று எழுதியதையும் இலங்கை 'வந்தது' என்று எழுதியதையும் ஒப்பிட்டுப் பார்ப்பது கொஞ்சம் உதவும், ஆனால் இரண்டும் ஒத்துப்போகும் என்று எதிர்பார்க்காதீர்கள். வரி கிலோவுக்கு இத்தனை ரூபாய் என்று இருக்கிற ஊரில் எடை குறைத்து எழுதுகிற ஆசை இருக்கும், மதிப்பில் சதவீதமாக இருக்கிற ஊரில் விலை குறைத்து எழுதுகிற ஆசை இருக்கும். இலங்கை மாசிக்கு விசேட வியாபாரப் பண்ட வரி என்று கிலோக் கணக்கில் விதித்து வந்தது. கிலோக் கணக்கு வரியில் இன்னொரு விளைவும் உண்டு: மட்டச் சரக்குக்கும் உயர்ந்த சரக்குக்கும் ஒரே வரி, ஆகவே உயர்ந்த சரக்குதான் அதைத் தாங்கும். தரத்தில் கவனம் வையுங்கள் என்று நான் சொல்வதற்கு இதுவும் ஒரு காரணம்.

டின். இதை ஒரு குடும்பம் முடிவு செய்ய முடியாது, ஒரு கூட்டுறவோ கம்பெனியோதான் முடிவு செய்யும், ஆனாலும் எல்லோரும் கேட்பதால் சொல்கிறேன். ஒரு டன் சூரையில் சுத்தம் செய்த சதை 400 கிலோ வந்தால் நல்லது. வடித்த எடை 130 கிராம் உள்ள டின்னாக அடைத்தால் 3,000 டின். கேட்க நன்றாக இருக்கிறது. டப்பா, எண்ணெய், அட்டைப்பெட்டி, டீசல் எல்லாம் கப்பலில் வர வேண்டும், நிரப்பித் திரும்பக் கப்பலில் போக வேண்டும். இவ்வளவையும் தாண்டி மாலத்தீவு டின்னுக்கு ஒரு நல்ல பெயர் இருக்கிறது: அங்கே சூரையை வலை போட்டுப் பிடிப்பதில்லை, உயிர் இரையை வீசிக் கம்புத் தூண்டிலால் ஒவ்வொன்றாகத் தூக்குகிறார்கள். 2012இல் அந்தச் சூரைக்கு, கடல்வளத்தைக் கெடுக்காத மீன்பிடிப்புக்குத் தருகிற எம்.எஸ்.சி. சான்றிதழ் கிடைத்தது. பிரிட்டன் சூப்பர் மார்க்கெட்டுகளில் 'தூண்டிலில் பிடித்தது' என்று போட்டு விற்கிற டின்களில் மாலத்தீவு மீன் உண்டு.

அடி எங்கே விழுந்தது என்றால் வரியில். 2011இல் மாலத்தீவு 'மிகப் பின்தங்கிய நாடு' பட்டியலில் இருந்து மேலே ஏறியது. பெருமையான விஷயம். சலுகைக் காலம் முடிந்து 2014இலிருந்து அதன் டின் சூரைக்கு ஐரோப்பிய ஒன்றியத்தில் 24 சதவீத வரி. பிரிட்டன் தனியாகப் பிரிந்த பிறகு அங்கே 20 சதவீதம். அதே இந்தியப் பெருங்கடலில் பக்கத்தில் இருக்கிற சீஷெல்சும் மொரீஷியசும் ஒப்பந்தம் போட்டு வரியில்லாமல் அனுப்புகின்றன. சீஷெல்சில் அடைபடுகிற மீனில் பெரும்பகுதி ஐரோப்பியக் கப்பல்கள் பெரிய சுருக்குவலையில் அள்ளியது. ஒவ்வொன்றாகத் தூண்டிலில் பிடித்தவனுக்கு 24, வலையில் அள்ளியவனுக்குப் பூஜ்யம். இதைப் பற்றி எனக்குக் கோபம் உண்டு, ஆனால் கோபத்தை வைத்து முதலீடு செய்ய முடியாது. சீனாவோடு போட்ட தடையில்லா வர்த்தக ஒப்பந்தம் 2025 ஜனவரியில் நடைமுறைக்கு வந்திருக்கிறது. வரி போனால் மட்டும் போதாது, டின் சூரையைத் தேடி வாங்குகிற வீடுகளும் வேண்டுமே. இப்போதைக்கு டின் என்பது, ஏற்கெனவே ஐரோப்பாவில் வாங்குகிற ஆள் உள்ள தொழிற்சாலைக்குப் பச்சை மீன் கொடுப்பது என்கிற அளவில் மட்டும்தான் உங்களுக்குப் பொருந்தும். கரையில் அந்தத் தொழிற்சாலை உறைபதனக் கம்பெனியைவிட ஒரு ரூபியா கூடக் கொடுத்தால் கொடுங்கள், அவ்வளவுதான்.

மாசியையே ஐரோப்பாவுக்கு அனுப்பினால் என்ன, புலம்பெயர்ந்த இலங்கைத் தமிழர்கள் இத்தனை பேர் அங்கே இருக்கிறார்களே என்று கேட்பீர்கள். ஆசை சரிதான். ஆனால் சூரை பிடித்த உடனே குளிரில் போகாவிட்டால் ஹிஸ்டமின் என்கிற நச்சுப்பொருள் ஏறும், அது அவித்தாலும் காய வைத்தாலும் போகாது. புகை போட்டால் புகையில் இருந்து வருகிற பென்சோபைரீன் மாதிரியான கெடுதலான பொருட்களுக்கு ஐரோப்பிய ஒன்றியத்தில் தனி வரம்பு. புகைத்த மீனுக்குக் கிலோவுக்கு 2 மைக்ரோகிராம். சுவாரசியம் என்னவென்றால், அதே சூரையை அதே போல் புகைத்துக் கட்டையாக்குகிற ஜப்பானின் கட்சுவோபுஷிக்கு 2015இல் அந்த வரம்பை 5 என்று தளர்த்திக் கொடுத்தார்கள். இந்தப் பரிசோதனைகள், ஏற்றுமதி அங்கீகாரம் பெற்ற கூடம் எல்லாம் பின்கட்டு அடுப்புக்கு எட்டாதவை. பத்துப் பதினைந்து வீடுகள் சேர்ந்து, ஐஸ் பெட்டியில் வந்த மீனை மட்டும் எடுத்து, ஓட்டைக் கொட்டகைக்குப் பதில் புகை கட்டுப்படுத்தும் சூளை ஒன்று வைத்தால் யோசிக்கலாம்.

அப்புறம் எல்லோரும் அலட்சியம் செய்கிற ஒரு வழி: உள்ளூர். முழுதாகக் காயாத புகைத்த சூரையை, வல்ஹோமஸ் என்பார்கள், தேங்காயோடு பிசைந்து காலையில் மாலத்தீவு முழுக்கச் சாப்பிடுகிறார்கள். அதற்குக் காய வைக்கிற நாட்கள் குறைவு, எடை இழப்பும் குறைவு, அதனால் ஒரு டன் மீனுக்கு விற்கிற எடை கூடுதல், பணமும் ரூபியாவில் சீக்கிரம் வரும். மீன் அவித்த தண்ணீரை வற்ற வைத்தால் கிடைக்கிற ரிஹாகுரு என்கிற கெட்டிக் குழம்பு, அது கிட்டத்தட்ட சும்மா வருகிற வரவு. மாசி போடுகிறவர்கள் அதைத் தனிக்கணக்காக எழுதுவதில்லை, வீட்டுச் செலவில் கலந்துவிடும். எழுதிப் பாருங்கள், பல இடங்களில் விறகுச் செலவை அதுவே கட்டிவிடும். குறை என்னவென்றால், மொத்த நாட்டு மக்கள்தொகையே ஐந்து லட்சம் சொச்சம். ரிசார்ட்டுகளுக்கு ஆண்டுக்கு இருபது லட்சம் சுற்றுலாப் பயணிகள் வந்தாலும் அவர்கள் தட்டுக்குக் கேரை என்கிற மஞ்சள்துடுப்புச் சூரையும் பாறை மீனும்தான் போகின்றன, வல்ஹோமஸ் இல்லை. பத்து டன் ஒரே வாரத்தில் தள்ள முடியாது.

இவ்வளவு சொல்லிவிட்டு நழுவக்கூடாது. அந்தக் குடும்பத்துக்கு நான் சொன்னது இதுதான். வருடம் முழுக்க மீனில் பெரும்பங்கைப் பச்சையாகவே கொடுங்கள், தோணிக் கடனும் டீசலும் ஆட்கள் பங்கும் அதில்தான் ஓட வேண்டும். ஒரே கம்பெனியிடம் கொடுக்காதீர்கள், பணம் வர நாளாகிறதென்றால் இரண்டு ரூபியா குறைவாகக் கொடுத்து உடனே தருகிறவரிடம் போங்கள். பேங்காக் 1,800 டாலருக்கு மேல் இருக்கிற மாதங்களில் மாசி பற்றி யோசிக்கவே வேண்டாம், அப்போது மாசியின் அடக்கம் கொழும்பு தாங்காத இடத்துக்குப் போய்விடும். 1,400க்குக் கீழே இறங்கி, அதுவும் டிசம்பர் ஏப்ரல் நடுவில் என்றால், மூன்றில் ஒரு பங்கு வரை அடுப்புக்கு எடுங்கள். அதிலும் முதலில் வல்ஹோமஸ், உள்ளூரில் போகிற அளவு போக மிச்சம்தான் மாசி. இடைப்பட்ட விலையில் இருக்கும்போது கிடங்கில் வரிசை நீள்கிற வாரங்களில் மட்டும் அடுப்பை மூட்டுங்கள்.

கொழும்புக்கு அனுப்புவதற்கு முன் மூன்று கேள்வியை வாட்ஸ்அப்பில் எழுத்தாகக் கேட்டு வாங்குங்கள்: விலை டாலரிலா இலங்கை ரூபாயிலா, ரூபாய் என்றால் எந்தத் தேதி மாற்றுவிகிதம், வரி ஏறினால் யார் தலையில். 2022இல் ரூபாயில் விலை பேசிக் கடனுக்குச் சரக்கு அனுப்பியவர்களுக்கு, பேசிய தொகை ஒரு ரூபாய் குறையாமல் வந்தும் பாதிக்கு மேல் கொஞ்சம்தான் டாலராகக் கைக்கு வந்தது. தூத்துக்குடியில் இருந்து காய்கறியும் கட்டுமானச் சாமானும் ஏற்றிக்கொண்டு மாலே வருகிற தோணிகள் திரும்பும்போது காலியாகவோ அரைச்சுமையோடோ போவதுண்டு. லட்சத்தீவின் மினிக்காய் மாசி ஏற்கெனவே அந்தப் பக்கம் விற்பதால் வியாபாரிகளுக்குச் சரக்கு தெரியும். அங்கே இரண்டு மூட்டை மாதிரி அனுப்பி விலை கேட்கச் சொல்லியிருக்கிறேன். கொழும்பைவிடக் குறைவாகத்தான் கேட்பார்கள் என்று நினைக்கிறேன். பத்து சதவீதம் வரை குறைவு என்றாலும் கொடுக்கலாம். கொழும்பில் எல்.சி. திறக்காத மாதத்தில் கேட்டுப் பார்க்க இன்னொரு ஆள் இருப்பதற்கு அந்தப் பத்து சதவீதம் அதிகமில்லை.